தேயிலை மலைத் தமிழர் – 12: கடிகாரம் தாவிய மலை

ரைவதன் என்ற அரசன் தன் மகள் ரேவதிக்கு ஏற்ற மாப்பிள்ளை யார் என்று கேட்கப் பிரம்மலோகம் போனான். அங்கே கச்சேரி நடந்துகொண்டிருந்தது. அது முடியும்வரை காத்திருந்து, தான் மனத்தில் வைத்திருந்த பெயர்களைச் சொன்னான். பிரம்மன் சிரித்தார். அந்தப் பிள்ளைகளும் அவர்களுடைய பேரன்மாரும் போய்ச் சேர்ந்து 27 சதுர்யுகங்கள் ஆகிவிட்டன என்றார். பாகவதம் சொல்லும் கதை இது. இன்றைய மாயக்கதைகளிலும் இதே கற்பனைதான் வேறு வேடம் போட்டு வருகிறது. ஓர் உலகத்திலிருந்து இன்னோர் உலகத்துக்குள் கால் வைத்தவன் திரும்பிப் பார்த்தால் காலம் நகர்ந்து போயிருக்கும்.

கேமரன் மலைத் தேயிலைத் தோட்டங்களில் வாழ்ந்த தமிழர்களுக்கு இது நிஜமாகவே நடந்திருக்கிறது. மலையில் தேயிலை வேர்பிடித்த பிறகு மட்டும் 5 முறை அங்கே நேரம் மாற்றப்பட்டது. படுக்கப் போகும்போது ஒரு நேரக்கணக்கும், எழுந்திருக்கும்போது வேறொரு நேரக்கணக்கும் இருந்தன. தேயிலைச் செடி அசையவில்லை, சூரியன் அசையவில்லை. அலுவலகச் சுவரில் இருந்த கடிகாரம் மட்டும் தாவியது. அது தாவியபோதெல்லாம் வேலைக்கு ஆள் எண்ணும் பெரட்டுக் களத்தில் நின்றவர்களின் விடியலும் சேர்ந்து நகர்ந்தது.

சென்ற பகுதியில் தாப்பாவிலிருந்து மலையேறும் சாலையைப் பார்த்தோம். 1885 இல் வில்லியம் கேமரன் என்ற நில அளவையாளர் கண்ட மலைச்சமவெளி, 1925 இல் சர் ஜார்ஜ் மாக்ஸ்வெல் வந்து போன பிறகே அரசின் திட்டங்களுக்குள் நுழைந்தது என்பதையும், 1929 இல் ஜே. ஏ. ரஸ்ஸல் இலங்கைத் தேயிலை அனுபவம் கொண்ட ஏ. பி. மில்னுடன் சேர்ந்து போ தோட்டத்தைத் தொடங்கியதையும் பேசினோம். இந்தப் பகுதியில் அந்தத் தோட்டங்களின் நேரத்தைப் பார்ப்போம். கூலியும் லயம் என்ற வரிசைக் குடியிருப்பும் மருந்தும் பள்ளியும் நம் வரலாற்று நூல்களில் இடம்பெற்ற அளவுக்கு நேரம் இடம்பெறவில்லை. தொழிலாளியிடமிருந்து முதலில் வாங்கப்பட்டதே அவருடைய நேரம்தான் என்பதால், அதன் கதையைத் தனியாகச் சொல்ல வேண்டியிருக்கிறது.

சூரியன் காட்டும் மணி

பூமி 1 பாகை சுற்ற 4 நிமிடம் ஆகிறது. கிழக்கே இருக்கும் ஊரில் உச்சிவேளை முன்னால் வரும், மேற்கே இருக்கும் ஊரில் பின்னால் வரும். தானா ராத்தா ஏறக்குறைய 101 பாகை 23 கலை கிழக்கு நெடுங்கோட்டில் இருக்கிறது. கணக்குப் போட்டால் கிரீன்விச்சுக்கு 6 மணி 45 நிமிடம் முந்தியதுதான் அந்த மலைக்கு இயற்கை தந்த நேரம்.

இன்று மலேசியக் கடிகாரம் கிரீன்விச்சுக்கு 8 மணி நேரம் முந்தி ஓடுகிறது. ஆகவே கேமரன் மலையில் சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் சராசரியாகப் பகல் 1.15 காட்டும். நவம்பர் தொடக்கத்தில் அது 1 மணிக்குச் சற்று முன்பாகவும் பிப்ரவரி நடுவில் 1.28 ஆகவும் இருக்கும். சூரிய உதயம் ஆண்டு முழுதும் ஏறத்தாழ 7 மணிக்கும் 7.30 மணிக்கும் இடையே நிகழ்கிறது. கிழக்கே உயர்ந்த மலை இருக்கும் தோட்டங்களில் வெயில் லயத்து வாசலுக்கு வர இன்னும் தாமதமாகும்.

மசூதியில் நண்பகல் தொழுகை 1 மணிக்கு மேல் வருவதற்கு இதுதான் காரணம். தொழுகை நேரம் சூரியனைப் பார்த்துக் குறிக்கப்படுகிறது. கடிகாரத்தை எவ்வளவு தள்ளி வைத்தாலும் தொழுகை சூரியனோடு நின்றுவிடும்.

நம் பஞ்சாங்கக் கணக்கும் அப்படியே. தமிழ்நாட்டில் அச்சாகும் நாட்காட்டியில் திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9 வரை என்றிருக்கும். காலை 6 மணிக்கு உதயம் என்று வைத்து, பகலை 8 பங்காகப் பிரித்து, இரண்டாவது பங்கைக் குறித்த நேரம் அது. உதயம் 7.10 க்கு நிகழும் கேமரன் மலையில் அந்த இரண்டாவது பங்கு 8.40 ஐ ஒட்டித்தான் தொடங்கும். ஊரிலிருந்து வந்த நாட்காட்டியை அப்படியே ஆணியில் மாட்டிப் பார்த்த வீடுகளில் நல்ல நேரமும் கெட்ட நேரமும் 1 மணி நேரத்துக்கு மேல் இடம்மாறிக் கிடந்திருக்கின்றன.

கடல் கடந்தபோது தொலைந்த ஒன்றரை மணி

19 ஆம் நூற்றாண்டில் ஒவ்வோர் ஊருக்கும் தன் நேரம் இருந்தது. சென்னை வானியல் நிலையத்தின் நேரம் கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முந்தியது. இந்திய ரயில்கள் நெடுங்காலம் அந்த மதராஸ் நேரத்தில் ஓடின. 1906 ஜனவரி 1 அன்று இந்தியப் பொது நேரம் 5.30 என்று நிறுவப்பட்டது.

மலாயாவில் 1901 ஜனவரி 1 முதல் சிங்கப்பூரின் நேரமே நீரிணைக் குடியேற்றங்களுக்கும் கூட்டு மலாய் மாநிலங்களுக்கும் பொது நேரமானது. அது கிரீன்விச்சுக்கு 6 மணி 55 நிமிடம் 25 விநாடி முந்தியது. 1905 ஜூன் 1 அன்று அதை 7 மணி என்று முழுமையாக்கினார்கள். தீபகற்ப மலாயா முழுதும் 105 ஆம் பாகையைச் சுற்றியுள்ள நேரப்பட்டைக்குள்தான் விழுகிறது. எனவே 7 மணி என்பது பூகோளத்துக்குப் பொருந்திய நேரம். கேமரன் மலையின் இயற்கை நேரத்துக்கும் அதற்கும் கால் மணி நேரமே இடைவெளி. 1930 இல் காட்டை வெட்டித் தேயிலை நட்ட முதல் தலைமுறை இந்த நேரத்தில்தான் வேலை செய்தது. சராசரி உதயம் அப்போது 6.11.

நாகப்பட்டினத்தில் ரஜூலா போன்ற கப்பலில் ஏறியவர் பினாங்கில் இறங்கியபோது அவருடைய நாள் ஒன்றரை மணி நேரம் முன்னே போயிருந்தது. கப்பல் கிழக்கே போகப் போகக் கடிகாரத்தைச் சிறிது சிறிதாகத் தள்ளிக்கொண்டே போவார்கள். மேல்தளத்தில் பாய் விரித்துப் படுத்திருந்தவர்களிடம் கடிகாரம் கிடையாது. கரையில் முகாம், பதிவு, மருத்துவச் சோதனை, லாரி, பிறகு மலை. அங்கே போய்ச் சேர்ந்த மறுநாள் தப்போ மணியோ ஒலித்து எழுப்பிய நேரம்தான் அவர்கள் அறிந்த முதல் மலாயா நேரம்.

வெள்ளையரின் மாலைப் பொழுதுக்காக 20 நிமிடம்

முதல் தாவல் 1933 ஜனவரி 1 அன்று வந்தது. கடிகாரம் 20 நிமிடம் முன்னே தள்ளப்பட்டு, மலாயா நேரம் 7 மணி 20 நிமிடம் ஆயிற்று. இதற்கான பகல் வெளிச்சச் சேமிப்புச் சட்டம் 1932 இல் சிங்கப்பூரில் நிறைவேறியது. அதற்கு 12 ஆண்டுகள் முன்பே, 1920 இல், ஆளுநர் லாரன்ஸ் கில்லமார்ட் அரை மணி நேரம் தள்ள விரும்பினார். அப்போது அது ஏற்கப்படவில்லை.

ஐரோப்பாவில் இத்தகைய சட்டத்துக்குப் பொருள் உண்டு. அங்கே கோடையில் பகல் மிக நீளும், குளிர்காலத்தில் சுருங்கும். நிலநடுக்கோட்டுக்கு நாலரைப் பாகை வடக்கே இருக்கும் கேமரன் மலையில் ஆண்டின் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் வேறுபாடு ஏறத்தாழ அரை மணி நேரம்தான். இங்கே சேமிக்க வெளிச்சம் எதுவும் மிச்சமில்லை. அலுவலகம் விட்ட பிறகு மைதானத்திலும் கிளப்பிலும் விளையாடக் கொஞ்சம் கூடுதல் வெளிச்சம் வேண்டும் என்பதுதான் அந்த யோசனையின் வேர். மாலையில் 20 நிமிடம் சேர்ந்தது என்றால் காலையில் 20 நிமிடம் போயிற்று என்று பொருள். மாலை வெளிச்சம் நகரத்து அலுவலர்களுக்குப் போனது. காலை இருட்டு, விடியுமுன் எழும்பிப் பெரட்டுக்கு நின்றவர்களுக்கு வந்தது.

அந்த ஆண்டு கேமரன் மலைத் தேயிலைக்கு முக்கியமான ஆண்டு. 1933 இல் ரஸ்ஸல் இறந்தார். அதே ஆண்டில் சூப்பர்ஷாத் பன்சால் அகர்வால் பாரத் தோட்டத்தைத் தொடங்கினார். உலகப் பொருளாதார மந்தம் மலாயாத் தோட்டங்களை நெருக்கிய காலம் அது. கூலி வெட்டும் ஆள்குறைப்பும் நடந்து, பல்லாயிரம் தமிழர் ஊருக்குத் திருப்பி அனுப்பப்பட்டிருந்தார்கள். அந்த நெருக்கடியில் 20 நிமிடத்தைப் பற்றிப் பேச யாருக்கும் மூச்சில்லை. சட்டசபையில் தோட்டத் தொழிலாளியின் குரலுக்கு இடமும் இல்லை.

1941: நேரம் கேட்டவர்களும் நேரம் மாற்றியவர்களும்

இரண்டாவது தாவல் 1941 செப்டம்பர் 1 அன்று நடந்தது. இன்னும் 10 நிமிடம் கூட்டி, நேரத்தை 7.30 ஆக்கினார்கள். சராசரி உதயம் 6.41 க்குப் போயிற்று.

அதே ஆண்டின் முற்பகுதியில் சிலாங்கூரின் கிள்ளான் வட்டாரத்து ரப்பர்த் தோட்டங்களில் தமிழ்த் தொழிலாளர் பெரும் வேலைநிறுத்தம் செய்தார்கள். கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தின் ஆர். எச். நாதன் அதன் முகமாக இருந்தார். கூலி உயர்வு, பெண்கள் மீதான அத்துமீறலுக்கு முடிவு, கள்ளுக்கடைகளை மூடுவது, துரைக்கு முன்னால் சைக்கிளில் போகும் உரிமை என்று அவர்கள் கேட்டவை பல. ஒரு நாளைக்கு 10, 12 மணி நேரம் வேலை வாங்குவதை நிறுத்த வேண்டும் என்பதும் அவற்றில் ஒன்று. அரசு நாதனைக் கைது செய்து நாடு கடத்தியது. படை வந்தது, துப்பாக்கிச் சூடு நடந்தது, தொழிலாளர் உயிரிழந்தார்கள்.

இந்த இரண்டு நிகழ்வுகளையும் சேர்த்தே படிக்க வேண்டும் என்று நான் நினைக்கிறேன். மே மாதத்தில் தொழிலாளர்கள் தங்கள் நேரத்தைப் பற்றிக் கேட்டார்கள். அதற்குத் துப்பாக்கி பதில் சொன்னது. செப்டம்பரில் அதே அரசு ஒரு கையெழுத்தில் நாடு முழுவதன் நேரத்தையும் மாற்றிக்கொண்டது. நேரத்தை மாற்ற முடியாது என்பது ஒருபோதும் உண்மையாக இருந்ததில்லை. மாற்றும் உரிமை யாரிடம் இருந்தது என்பதுதான் கேள்வி.

டோக்கியோ விடியலுக்கு எழுந்த மலை

மூன்றாவது தாவல் எல்லாவற்றையும்விடக் கொடியது. 1941 டிசம்பரில் ஜப்பானியப் படை வடக்கே இறங்கியது. 1942 ஜனவரி 11 அன்று கோலாலம்பூரும் பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூரும் விழுந்தன. தோட்டத் துரைமார் தெற்கே ஓடினார்கள். பொறுப்பு தோட்ட எழுத்தர்களான கிராணிகள் தலையில் விழுந்தது. பிப்ரவரி 16 முதல் சிங்கப்பூரின் கடிகாரம் டோக்கியோ நேரத்துக்கு மாறியது. தீபகற்பமும் அதே நேரத்தில் வைக்கப்பட்டது. கிரீன்விச்சுக்கு 9 மணி நேரம் முந்திய நேரம் அது. ஒரே தாவலில் ஒன்றரை மணி நேரம்.

ஆண்டும் மாறியது. சிங்கப்பூர் சியோனான் ஆயிற்று. 1942 என்பது ஷோவா 17 என்றும், ஜப்பானிய மன்னர் மரபைத் தொட்டு எண்ணும் கணக்கில் 2602 என்றும் எழுதப்பட்டது. நாளிதழின் தலைப்பிலும் அரசு முத்திரையிலும் 2602 இருந்தது. ஒரே வாரத்தில் ஒரு தேசம் 660 ஆண்டுகளும் ஒன்றரை மணி நேரமும் முன்னே தள்ளப்பட்டது. மாயக்கதை எழுதுபவர்கள்கூட இவ்வளவு தூரம் போவதில்லை.

கணக்கை நினைத்துப் பாருங்கள். பிப்ரவரி நடுவில் கேமரன் மலையில் பழைய கடிகாரப்படி உதயம் ஏறக்குறைய 7 மணி. புதிய கடிகாரப்படி அது 8.30. காலை 6 மணிக்கு வரச் சொன்னால் விடிய இன்னும் இரண்டரை மணி நேரம் இருக்கும். ஏறத்தாழ 1,400 மீட்டர் உயரத்தில், குளிரும் பனியும் இறங்கிய இருட்டில், டோக்கியோவில் விடிந்துவிட்டது என்பதற்காக இங்கே ஆள் எழும்ப வேண்டும். பேரரசரின் அரண்மனை இருந்த திசை நோக்கி வணங்கச் சொன்னதும், பள்ளிகளில் ஜப்பானிய மொழி கற்பித்ததும் நம் பெரியவர்கள் நினைவில் நின்ற அளவுக்கு இந்த இருட்டு நிற்கவில்லை. அரிசியும் துணியும் உயிரும் இல்லாமல் போன காலத்தில் மணியைப் பற்றி யார் புலம்புவார்?

அந்தக் கடிகாரம் தோட்டத்தோடு நிற்கவும் இல்லை. சயாம்–பர்மா ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து தமிழர்கள் பல்லாயிரக்கணக்கில் கொண்டுபோகப்பட்டார்கள். 1942 நடுவில் தொடங்கி 1943 அக்டோபரில் 415 கிலோமீட்டர் பாதை முடிந்தது. ஜப்பானிய இராணுவம் எங்கே போனாலும் டோக்கியோ நேரத்தில்தான் இயங்கியது. காலராவும் பட்டினியும் தின்ற அந்த முகாம்களின் மணிக்கணக்கும் டோக்கியோவுடையதே.

ஊரோடு இருந்த உறவும் இந்த ஆண்டுகளில் அறுந்தது. 1938 ஜூனிலேயே இந்திய அரசு தோட்ட வேலைக்கான உதவிக் குடியேற்றத்தை நிறுத்திவிட்டிருந்தது. போர் வந்ததும் கப்பலும் கடிதமும் நின்றன. இந்தியாவும் தன் கடிகாரத்தைத் தள்ளியது. 1942 செப்டம்பர் 1 முதல் போர் முடியும்வரை இந்திய நேரம் 6.30 ஆக இருந்தது. பிரிட்டனுக்காக ஓடிய ஒரு கடிகாரம் ஊரில், ஜப்பானுக்காக ஓடிய ஒரு கடிகாரம் மலையில். நடுவே தாயும் பிள்ளையும் ஒருவரையொருவர் உயிரோடு இருக்கிறாரா என்று அறியாமல் மூன்றரை ஆண்டு இருந்தார்கள்.

1945 செப்டம்பர் 12 அன்று சிங்கப்பூரில் ஜப்பானியர் சரணடைந்தார்கள். அன்றே கடிகாரம் 7.30 க்குத் திரும்பியது. இது நான்காவது தாவல். ஐந்தில் பின்னோக்கிப் போனது இது ஒன்றுதான். சூரியனிடமிருந்து எடுத்த ஒன்றரை மணி நேரம் மலைக்குத் திரும்பக் கிடைத்தது. ரயில் பாதைக்குப் போனவர்களில் பல்லாயிரம் பேர் திரும்பவில்லை.

எட்டு மணி நேரச் சட்டமும் அரை மணி நேரத் தாவலும்

அடுத்த 36 ஆண்டுகள் கடிகாரம் அசையவில்லை. அவசரகாலம் வந்தது, 1957 இல் விடுதலை வந்தது, 1963 இல் மலேசியா பிறந்தது. 1955 ஆம் ஆண்டின் வேலைச் சட்டம் ஒரு நாளுக்கு 8 மணி நேரம், ஒரு வாரத்துக்கு 48 மணி நேரம் என்று வரம்பு வைத்தது. கிள்ளானில் கேட்கப்பட்டதற்குச் சட்டத்தில் பதில் வர 14 ஆண்டுகள் ஆயின. வார வரம்பு 45 மணியாகக் குறைந்தது 2023 ஜனவரியில்தான்.

ஐந்தாவது தாவல் 1982 ஜனவரி 1. சபாவும் சரவாக்கும் நெடுங்காலமாக 8 மணி நேரக் கணக்கில் இருந்தன. தீபகற்பம் 7.30 இல் இருந்தது. ஒரு நாட்டுக்கு ஒரு நேரம் வேண்டும் என்று, 1981 ஜூலையில் பிரதமரான மகாதீரின் அரசு முடிவு செய்தது. மலேசிய நேரச் சட்டம் 1981 இல் நிறைவேறியது. ஆண்டின் கடைசி இரவு 11.30 ஆனபோது கடிகாரங்கள் நள்ளிரவு 12 க்குத் திருப்பப்பட்டன. அந்த ஆண்டுக்கு அரை மணி நேரம் குறைந்தது. வணிகமும் பயணமும் பின்னிக் கிடந்ததால் சிங்கப்பூரும் அதே நொடியில் கூடவே மாறியது.

இந்த முடிவின் நோக்கத்தைக் குறை சொல்ல மாட்டேன். கடல் பிரித்த நாட்டின் இரண்டு பாதிகளும் ஒரே நேரத்தில் வங்கி திறப்பதும் ஒரே நேரத்தில் செய்தி கேட்பதும் நல்லதே. ஆனால் ஒற்றுமையின் விலையைக் கொடுத்தது தீபகற்பத்தின் விடியல். கோத்தா கினாபாலுவில் காலை 6 மணியை ஒட்டி வரும் சூரியன் கேமரன் மலைக்கு 7 மணிக்கு மேல்தான் வருகிறது. தோட்டத்துத் தமிழ்ப்பள்ளிப் பிள்ளை இன்றும் இருட்டில் எழும்பி, இருட்டில் குளித்து, வெளிச்சம் வரும் நேரத்தில் வகுப்புக்குப் போகிறது. அந்தப் பிள்ளைக்கு 1905 இன் கடிகாரம் இருந்திருந்தால் 1 மணி நேரம் கூடத் தூங்கியிருக்கும்.

மற்றத் தேயிலை மலைகளில்

தேயிலை விளையும் வேறு இடங்களிலும் நேரம் இப்படி இழுபட்டிருக்கிறது. அவற்றோடு ஒப்பிட்டால் கேமரன் மலையின் கதை இன்னும் தெளிவாகும்.

அசாமில் தோட்டத்துக்கென்றே ஒரு நேரம் உண்டு. பிரிட்டிஷ் தோட்டக்காரர்கள் வைத்த அந்தத் தேயிலைத் தோட்ட நேரம் இந்திய நேரத்துக்கு 1 மணி நேரம் முந்தி ஓடுகிறது. அசாமில் ஜூன் மாதம் அதிகாலை நாலரைக்கு முன்பே விடிந்துவிடும். கடிகாரத்தை முன்னே தள்ளினால் அங்கே அது சூரியனோடு போய்ச் சேர்கிறது. இன்றும் பல தோட்டங்கள் அந்த நேரத்தில் வேலை செய்கின்றன. 2014 இல் முதல்வர் தருண் கோகோய் மாநிலம் முழுமைக்கும் அந்த நேரத்தையே கொண்டுவர வேண்டும் என்று பேசினார். அங்கே தோட்டம் தன் வெளிச்சத்துக்கு ஏற்பக் கடிகாரத்தை வைத்துக்கொண்டது. கேமரன் மலையிலோ கடிகாரம் தலைநகரத்திலிருந்து வந்தது. அது ஒவ்வொரு முறை முன்னேறியபோதும் மலையின் சூரியனை விட்டு விலகியது.

இலங்கை மலையகத்தின் அனுபவம் நமக்கு இன்னும் நெருங்கியது. 1996 மே மாதத்தில் மழை பொய்த்து நீர்மின் நிலையங்கள் வறண்டபோது இலங்கை அரசு கடிகாரத்தை 1 மணி நேரம் முன்னே தள்ளியது. நுவரெலியாவில் 6 மணிக்கு முன் வந்த உதயம் 7 மணியை நெருங்கியது. அக்டோபரில் அரை மணி நேரம் திரும்பியது. மீதி அரை மணி நேரம் 2006 ஏப்ரலில்தான் திரும்பியது. புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வடபகுதி அந்த மாற்றத்தை ஏற்காமல் பழைய நேரத்திலேயே இருந்தது. ஒரே தீவில், போர்முனைக் கோட்டைத் தாண்டினால் மணி மாறும் நிலை பத்தாண்டு நீடித்தது. நேரம் என்பது ஆட்சியின் எல்லையைக் குறிக்கும் கல்லாகவும் நிற்கும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டாம்.

இலைக்கு ஒரு நேரம்

தோட்டத்தில் கடிகாரத்துக்குப் பணியாத ஒன்று இருந்தது. அது பறித்த இலை. செடியிலிருந்து பிரிந்த கணத்திலேயே கொழுந்தின் நேரம் ஓடத் தொடங்கும். தொழிற்சாலைக்கு வந்த பச்சை இலையை 12 முதல் 16 மணி நேரம் காற்றில் வாட்ட வேண்டும். பிறகு உருட்ட வேண்டும். உருட்டி நசுங்கிய இலை காற்றுப்பட்டு நிறம் மாற ஒன்றிரண்டு மணி நேரம் போதும். அதற்குமேல் விட்டால் சுவை கெடும். உடனே உலர்த்தி நிறுத்த வேண்டும்.

பகலில் பறித்த இலை இரவெல்லாம் வாடி, விடியுமுன் உருளைக்குப் போகும். கோலாலம்பூர் எந்த மணியைச் சட்டமாக்கினாலும் இலை தன் 16 மணியைத்தான் கேட்கும். தொழிற்சாலையில் இரவு முறை வேலை செய்தவர்கள் இலையின் நேரத்துக்கு உழைத்தார்கள். மலைச்சரிவில் நின்றவர்கள் பனிக்கும் வெயிலுக்கும் மழைக்கும் உழைத்தார்கள். கூலிக் கணக்கு மட்டும் கிராணியின் கடிகாரத்தில் எழுதப்பட்டது. ஒரே ஆளின் ஒரே நாள் உழைப்பு மூன்று வகை நேரத்தால் அளக்கப்பட்டு, அவருக்குச் சாதகமில்லாத ஒன்றால் கூலி தீர்க்கப்பட்டது.

எந்த ஐந்து மணி?

தோட்ட வாழ்வைப் பற்றிப் பெரியவர்களிடம் கேட்டால் அநேகமாக முதலில் வருவது "விடிகாலை அஞ்சு மணிக்குப் பெரட்டு" என்பதுதான். ஆய்வாளர்களும் அதை அப்படியே எழுதிக்கொள்கிறார்கள். ஆனால் இதுவரை சொன்னதை வைத்துப் பார்த்தால் அந்த 5 மணி ஒன்றல்ல.

1932 இன் 5 மணி உதயத்துக்குச் சராசரியாக 1 மணி 11 நிமிடம் முன்னது. 1933 க்குப் பிறகு அதே 5 மணி 1 மணி 31 நிமிடம் முன்னது. 1941 செப்டம்பரில் 1 மணி 41 நிமிடம். ஜப்பானியர் காலத்தில் 3 மணி 11 நிமிடம். 1982 க்குப் பிறகு 2 மணி 11 நிமிடம். ஒரே எண்ணைச் சொல்லும் ஐந்து பேர் ஐந்து விதமான இருட்டைச் சொல்கிறார்கள். இதைக் கவனிக்காத வரலாறு அவர்கள் பட்டபாட்டைக் குறைத்து எழுதிவிடும், அல்லது தவறான ஆண்டில் கொண்டுபோய் வைத்துவிடும்.

அதனால் சுங்கை பாலாஸ், போ, புளூ வேலி, ரிங்லெட் பக்கம் வாழும் மூத்தவர்களின் நினைவுகளைப் பதிவு செய்யும் இளைஞர்களுக்கு ஒரு வேண்டுகோள். மணியைச் சொன்னால் அதோடு விட்டுவிடாதீர்கள். அது எந்த ஆண்டு என்று கேளுங்கள். பெரட்டுக்கு நிற்கும்போது முகம் தெரியும் வெளிச்சம் இருந்ததா, கையில் விளக்கு இருந்ததா என்று கேளுங்கள். முதல் கூடை நிறையும்போது வெயில் எங்கே இருந்தது என்று கேளுங்கள். பிள்ளையைக் குழந்தைக் காப்பகமான ஆயக்கொட்டகையில் விடும்போது அது தூங்கிக்கொண்டிருந்ததா விழித்திருந்ததா என்றும் கேளுங்கள். இந்த நான்கு பதிலும் கிடைத்தால் எந்தக் கடிகாரம் அப்போது ஆண்டது என்பதை மேலே சொன்ன தேதிகளை வைத்து நாமே கண்டுகொள்ளலாம்.

ஜப்பானியர் காலத்தை நேரில் கண்டவர்களில் இன்று உயிரோடு இருப்பவர்கள் தொண்ணூறை நெருங்கியவர்கள் அல்லது கடந்தவர்கள். அப்போது அவர்கள் சிறுபிள்ளைகள். இருட்டில் எழுப்பப்பட்டதை அவர்கள் உடம்பு மறந்திருக்காது. கேட்க வேண்டியது நம் கடமை, அதையும் இந்த ஆண்டே செய்ய வேண்டும்.

*அடுத்த பகுதியில்: கைக்கொழுந்து போய்க் கத்தரியும் இயந்திரமும் வந்த கதை. கூடை சுமந்த பெண்களின் வேலை எப்படி மாறியது, லயங்களைவிட்டு இளைய தலைமுறை எங்கே போயிற்று, அவர்கள் இடத்தில் யார் வந்தார்கள் என்பதைப் பார்ப்போம்.*